நாழிக்கல்: இல்லாத ஒரு கனிமத்தின் நிகழ்வு ஆய்வு

இலங்கை மலையகத்தில், பொகவந்தலாவப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில் சனிக்கிழமைதோறும் பிள்ளைகளுக்குக் கதை வகுப்பு நடத்துகிறேன். இடம் பழைய வாசிகசாலை. புத்தக அலுமாரியின் சாவி எங்கே என்று யாருக்கும் தெரியாது. கூரை ஒழுகாது, எங்களுக்கு அது போதும். தரம் 8 முதல் 11 வரை படிக்கிற பதினொரு பேர் வருவார்கள். கோயில் திருவிழாவுக்கு ஒரு நாடகம் போடுவது என்று அவர்களே முடிவெடுத்தார்கள். கருவும் அவர்களுடையதுதான்: நேரத்தை மாற்றும் ஒரு மந்திரக் கல்.

அந்த நாடகம் இரண்டு முறை மேடையேறியது. முதல் முறை படுதோல்வி. மூன்று மாதம் கழித்து, பக்கத்துத் தோட்டத்துத் திருவிழாவில் மறுபடி போட்டபோது நடந்ததை இன்னும் லயத்தில், அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளில், பேசுகிறார்கள். நடித்தவர்கள் அதே பிள்ளைகள். மாறியது கல் மட்டும். அந்தக் கல்லை எப்படிக் கழற்றி மாட்டினோம் என்பதைக் குறிப்புப் புத்தகத்தில் வாராவாரம் எழுதி வைத்திருந்தேன். கற்பனைக் கதை எழுதுகிற வேறு யாருக்காவது உதவலாம் என்பதால் விரித்து எழுதுகிறேன்.

முதல் கல்

நீல நிறம். மின்னும். பெயர் 'டைம் ஸ்டோன்'. எங்கிருந்து வந்த யோசனை என்று கேட்கத் தேவையில்லை, போனில் படம் பார்க்கிற பிள்ளைகள். வடிகான் ஓரத்தில் பொறுக்கிய ஒரு வெள்ளைக் கல்லில் நீலச் செலோபன் தாளைச் சுற்றி, அடியில் டார்ச் லைட்டை வைத்தார்கள். இருட்டில் நன்றாகவே இருந்தது.

லயத்துப் பையன் ஒருவன் ஆற்றோரம் கல்லைக் கண்டெடுக்கிறான். கையில் பிடித்தால் உலகம் அப்படியே உறைந்துவிடும், அவன் மட்டும் நடமாடுவான். சோதனையில் அடுத்தவன் விடையைப் பார்ப்பான், கெட்டவர்களை அடிப்பான், கடைசியில் கல்லை ஆற்றிலேயே எறிந்துவிடுவான்.

மேடையில் பத்துப் பேர் சிலை மாதிரி நிற்க, ஒருவன் மட்டும் அங்குமிங்கும் ஓடினான். இரண்டு நிமிடம் சனம் சிரித்தது. பிறகு பின்வரிசை எழுந்து கடலை வாங்கப் போனது. முன்வரிசையில் படங்கை விரித்து உட்கார்ந்திருந்த ஓர் அப்பாயி, பக்கத்தில் இருந்தவரிடம் பேசுவதுபோல மேடைக்கே கேட்கும்படி சொன்னார்: "நின்னா நிக்கட்டும். நமக்கு என்னா?"

நாடகத்தில் நடித்த ஒரு பிள்ளையின் சொந்த அப்பாயிதான் அவர். அடுத்த சனிக்கிழமை அவரையே வகுப்புக்குக் கூட்டிவரச் சொன்னேன். பேத்திக்கு அழுகை அழுகையாக வந்தது. அப்பாயி மட்டும் வெற்றிலை மடித்துக்கொண்டு வந்து ஜன்னலோரம் உட்கார்ந்தார், அதற்குப் பிறகு ஒரு வாரமும் தவறவில்லை.

பிள்ளைகளிடம் மூன்று கேள்விகள் கேட்டேன். கல் எங்கே கிடைக்கும்? என்ன செய்யும்? யாருக்கு நட்டம்? முதல் கேள்விக்கு அரை விடை இருந்தது: "ஆத்தோரம் சேர்." இரண்டாவதற்கு, "எல்லாம் செய்யும்." மூன்றாவதற்கு யாரும் வாய் திறக்கவில்லை.

நிஜக் கற்கள்

ஆற்றோரம் என்று அவர்கள் சொன்னது சும்மா இல்லை. கெசல்கமுவ ஓயா என்ற ஆற்றைச் சுற்றி மாணிக்கக் குழி தோண்டுகிற கதை இங்கே எல்லாப் பிள்ளைக்கும் தெரியும், அனுமதியோடு தோண்டுவதும் இரவில் திருட்டுத்தனமாகத் தோண்டுவதும். கல் கிடக்கிற சரளை அடுக்குக்குச் சிங்களத்தில் 'இல்லம' என்று பெயர், நம் ஆட்களும் அப்படியே சொல்கிறார்கள். அந்தச் சரளையைக் கூடையில் அலசும்போது அடியில் தங்குகிற கனமான கற்களில் நேரத்தோடு நிஜமாகவே தொடர்புள்ளவை உண்டு. நான் இரண்டைச் சொன்னேன்.

ஒன்று சிர்கோன். அது படிகமாக உருவாகும்போது யுரேனியத்தைக் கொஞ்சம் உள்ளே இழுத்துக்கொள்ளும், ஈயத்தை அநேகமாகச் சேர்க்காது. உள்ளே போன யுரேனியம் தானே சிதைந்து சிதைந்து ஈயமாகும். அதன் முக்கிய வகை பாதியாகக் குறைய 447 கோடி ஆண்டு எடுக்கும். ஆக, ஒரு சிர்கோனில் எவ்வளவு ஈயம், எவ்வளவு யுரேனியம் என்று அளந்தால் அது பிறந்த காலம் தெரிந்துவிடும். நம் மலைகளின் பாறைகள் ஏறத்தாழ 55 முதல் 61 கோடி ஆண்டுகளுக்கு முன் பூமிக்கடியில் வெந்து உருமாறியவை என்பது இப்படிப் படித்த கணக்குத்தான்.

இதில் பிள்ளைகளைப் பிடித்து இழுத்தது வேறு விஷயம். உள்ளே இருக்கும் யுரேனியத்தின் கதிர்வீச்சு சிர்கோனின் சொந்தக் கட்டமைப்பையே உடைத்துப் போடும். பழையது ஆக ஆகப் பளபளப்பு மங்கி, கனமும் சற்றுக் குறையும். நன்றாகச் சூடாக்கினால் உடைந்தது ஓரளவு சேர்ந்துகொள்ளும். இதைச் சொன்னதும் தரம் 9 பிள்ளை ஒன்று கேட்டது: "அப்ப நெருப்புல போட்டா கல்லுக்கு வயசு கொறையுமா சேர்?"

நல்ல கேள்வி. கட்டமைப்பு சரியாகும், ஆனால் வயது போகாது. சேர்ந்திருந்த ஈயம் வெளியேறிவிட்டால் மட்டும் அளக்கிறவன் கண்ணுக்கு இளசாகத் தெரியும். "தலைக்கு மை அடிக்கிற மாதிரி" என்றார் ஜன்னலோரத்து அப்பாயி.

இரண்டாவது கல் தோரியனைட். பொகவந்தலாவயிலிருந்து மலையைத் தாண்டினால் பலாங்கொடை. அந்தப் பக்கத்து மண்ணில் கிடைத்த இதை 1904இல் முதலில் விவரித்தவர் ஆனந்த குமாரசுவாமி. நடராசர் சிலையைப் பற்றியும் இந்தியக் கலையைப் பற்றியும் எழுதியவர் என்றுதான் நமக்கு அவரைத் தெரியும். அதற்கு முன் அவர் இலங்கையில் கனிமங்களை ஆராய்கிற அரசாங்க வேலையில் இருந்தார். தகப்பனார் கொழும்புத் தமிழர், சேர் முத்து குமாரசுவாமி. குமாரசுவாமி முதலில் இதை வேறொரு கனிமம் என்றே நினைத்தார். லண்டனில் சோதித்துப் பார்த்தபோதுதான் அதில் பெரும்பகுதி தோரியம் என்று தெரிந்தது. பெயரும் அங்கே வைத்ததுதான்.

தோரியனைட் பார்க்க ஒன்றுமேயில்லை. கறுப்பு. பொடிப் பொடிக் கனசதுரம். ஆனால் தண்ணீரைவிட ஒன்பது பத்து மடங்கு கனம். அதிலுள்ள தோரியம் பாதியாகக் குறைய 1400 கோடி ஆண்டு வேண்டும், அதாவது இந்தப் பிரபஞ்சத்தின் வயதைவிடக் கொஞ்சம் அதிகம். 1905இல் ஓட்டோ ஹான் என்ற இளம் வேதியியலாளர் லண்டனில் இலங்கைத் தோரியனைட்டைக் கரைத்துப் பார்த்துக்கொண்டிருந்தபோது ரேடியோதோரியம் என்ற புதிய கதிரியக்கப் பொருளைக் கண்டார். சில ஆண்டுகள் கழித்து ஸ்ட்ரட் என்ற ஆங்கிலேயர், தோரியனைட்டில் ஹீலியம் வாயு சேரும் வேகத்தை அளந்து, இவ்வளவு சேர இத்தனை காலமாவது ஆகியிருக்க வேண்டும் என்று கணக்குப் போட்டார். பாறைகளின் வயதை மனிதன் எண்ணத் தொடங்கிய நாட்களில் கையில் வைத்திருந்த கற்களில் இதுவும் ஒன்று. கதிரியக்கம் உள்ளது, கண்டால் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு திரியாதீர்கள் என்பதையும் சொல்லி வைத்தேன். இந்தப் பிள்ளைகளுக்குச் சொல்லாமல் விட முடியாது.

அன்றைக்கே நீலச் செலோபன் போனது. போகச் சொன்னவன் முதல் நாடகத்தில் கதாநாயகனாக நடித்தவன். "நீலம்னா மாணிக்கம்னு நெனச்சு எல்லாரும் எடுத்துருவாங்க சேர். கறுப்புன்னா எறிஞ்சிட்டுப் போவாங்க. அப்பதான் அது யாரு கையிலயாவது கெடந்தாலும் யாருக்கும் தெரியாது."

மலைமேல் நேரம்

கல் என்ன செய்யும் என்பதில் மூன்று வாரம் போனது. உறையவைப்பது வேண்டாம் என்று மட்டும் தெரிந்தது.

உயரமான இடத்தில் நேரம் கொஞ்சம் வேகமாக ஓடும் என்று ஒருநாள் சொன்னேன். இது மந்திரமில்லை, ஐன்ஸ்டைன் சொன்னது, அணுக் கடிகாரம் வைத்து அளந்தும் பார்த்திருக்கிறார்கள். பூமியின் இழுப்பு குறையக் குறையக் கடிகாரம் விரையும். இலங்கையின் மிக உயரமான மலை பீதுருதாலகால, 2,524 மீட்டர். கரும்பலகையில் கணக்குப் போட்டோம்: அதன் உச்சியில் வைத்த கடிகாரம், கடற்கரையில் வைத்ததைவிட ஆண்டுக்கு மைக்ரோ விநாடியில் எட்டு ஒன்பது முந்தும். ஒரு விநாடியைப் பத்து இலட்சம் துண்டாக வெட்டினால் அதில் எட்டு ஒன்பது துண்டு. பிள்ளைகளுக்கு ஏமாற்றம். அப்பாயிக்கு மட்டும் திருப்தி.

"அதான் நம்ம சனம் வெரசா கெழடு தட்டிப்போகுது."

அடுத்து அவரே ஒரு நேர மாற்றத்தை ஞாபகப்படுத்தினார். 1996 மே மாதம் அரசாங்கம் நாட்டுக் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளியது, மின்சாரத்தை மிச்சம் பிடிக்க. ஒக்டோபரில் அரை மணி நேரத்தைத் திருப்பித் தந்தார்கள். மீதி அரை மணி நேரம் திரும்பி வர 2006 ஏப்ரல் ஆனது. "எந்த மந்திரக் கல்லும் இல்லாம ஒரே ராத்திரியில ஒரு மணி நேரத்தை எடுத்தாங்களே. கொழுந்துக்குத்தான் யாரும் சொல்லல. அது பழைய நேரத்துக்கே வளந்துச்சு."

பத்து வருசம் கடனில் இருந்த அரை மணி நேரம்! பிள்ளைகளில் யாரும் அப்போது பிறந்திருக்கவில்லை, நம்பவே மறுத்தார்கள். நேரத்தை எடுக்கலாம், எடுத்ததைத் திருப்பிக் கொடுக்காமலும் இருக்கலாம் என்பது அவர்கள் மண்டையில் ஏறியது அன்றைக்குத்தான்.

கல்லுக்குப் பெயரும் அப்பாயி வைத்ததே. 'டைம் ஸ்டோன்' அவர் வாயில் நுழையவில்லை. "என்னா நாழிக்கல்லா?" என்றார். நாழி என்றால் நேரம், நாழி என்றால் அளக்கிற படி. பழைய கணக்கில் ஒரு நாழிகை 24 நிமிடம், ஒரு நாளைக்கு 60 நாழிகை. சட்டம் தானாக வந்து விழுந்தது: இந்தக் கல் ஒரு ஆளிடமிருந்து ஒரு நாளைக்கு ஒரு நாழிகை எடுக்கும். எடுத்ததைக் கல் வைத்திருப்பவனுக்குக் கொடுக்கும். புதிதாக நேரம் உண்டாக்கத் தெரியாது.

தோட்டத்தில் நேரம் எங்கே எடுபடும் என்று நான் கேட்கவே இல்லை. ஏழெட்டுப் பேர் ஒன்றாகச் சொன்னார்கள்: "மடுவத்துல."

கொழுந்து நிறுக்கிற மடுவம். அங்கே தராசில் தொங்கவிடும்போது சாக்குக்கு, ஈரத்துக்கு என்று சொல்லி இரண்டு கிலோ வெட்டுவது இந்தத் தோட்டத்தில் வழக்கம். வெயில் நாளிலும் ஈரத்துக்கு வெட்டுதான். குறித்த கிலோ வராவிட்டால் முழுப்பேர், அதாவது முழுநாள் சம்பளம், கிடைக்காது, அரைப்பேர்தான். தாய்மார் அந்தியில் வீட்டுக்கு வந்து முதலில் பேசுவது அதைப் பற்றித்தான், எனவே பிள்ளைகளுக்கு இது பாடப்புத்தகத்தைவிடப் பழக்கம். கறுப்புக் கல் தராசில் இருக்கும், நிறுக்கிற கணக்கப்பிள்ளை அதன் சொந்தக்காரன். கொழுந்தோடு சேர்த்து ஆளுக்கு ஒரு நாழிகையும் வெட்டுப்படும்.

"எத்தனை பேர் மடுவத்துக்கு வருவாங்க?"

"எங்க டிவிசன்ல அறுவது இருக்கும் சேர்."

அறுபது பேர், ஆளுக்கு 24 நிமிடம். ஒரு பையன் விரல் விட்டு எண்ணி, பிறகு கரும்பலகையில் பெருக்கி, 1,440 என்று எழுதிவிட்டுத் திரும்பிப் பார்த்தான். சரியாக ஒரு நாள். அறுபது பெண்கள் ஒரு நாள் வேலை செய்தால் கணக்கப்பிள்ளைக்கு ஒரு முழு நாள் சும்மா கிடைக்கும். யாரும் திட்டமிட்டதில்லை, நாழிகைக் கணக்கே அப்படி. வகுப்பில் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை.

இரண்டு ஓட்டைகள்

சட்டம் அழகாக இருந்தால் போதாது, இரண்டு இடத்தில் ஒழுகியது.

முதல் ஓட்டையைக் கண்டுபிடித்தது தகப்பன் ஸ்டோரில், அதாவது தேயிலைத் தொழிற்சாலையில், வேலை செய்கிற பையன். தேயிலை ஸ்டோரில் எல்லாமே நேரம்தான். கொழுந்து பத்துப் பன்னிரண்டு மணி நேரத்துக்கு மேல் வாடிய பிறகுதான் அரைக்க வரும், அரைத்தது நிறம் மாறுவதற்கும் கணக்கு உண்டு, கொஞ்சம் பிந்தினால் சாயம் கெட்டுவிடும். "ஆள்கிட்டருந்து எடுத்தா வேலை நேரமும் போகுமே சேர். அறுவது பேருக்கும் வேலை கொறஞ்சா நல்லதுதானே? அவங்க ஏன் கோவப்படணும்?"

பதில் சொல்ல எனக்குத் தெரியவில்லை. இரண்டு வாரம் அது அப்படியே கிடந்தது. மூன்றாம் வாரம் ஒரு பிள்ளை, குடத்தைத் தண்ணீர்ப் பீலியில் வைத்துவிட்டு வகுப்புக்குப் பிந்தி வந்தவள், மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னாள்: "கல் வேலை நேரத்தைத் தொடாது சேர். மடுவத்துக்கு அப்புறம் உள்ளதைத்தான் எடுக்கும். எங்கம்மாவுக்கு வீட்டுக்கு வந்தா நேரமே இருக்காது. தண்ணி, வெறகு, ரொட்டி தட்டுறது, அப்புறம் படுக்கை. உக்காந்து பேசின ஞாபகமே எனக்கு இல்ல. அந்த நாழிதான் போகுது."

நான் குறிப்பெடுப்பதை நிறுத்திவிட்டேன். இதை ஒரு வசனமாக வைக்கலாமா என்று கேட்டபோது அவள் வேண்டாம் என்றாள். நாடகத்தில் அது வசனமாக இல்லை. தாய் லயத்துக்குள் நுழைவாள், மகள் வாயைத் திறப்பாள், தாய் படுத்துவிடுவாள். அவ்வளவுதான் காட்சி.

இரண்டாவது ஓட்டை கணக்கப்பிள்ளை பக்கம். ஒரு நாளைக்கு இரண்டு நாள் வாழ்கிறவன் பாக்கியசாலி என்று எல்லாரும் நினைத்திருந்தோம். கரும்பலகையில் பெருக்கிய அதே பையன்தான் குறுக்கே விழுந்தான்: "அப்ப அவரு டபுளா கெழவனாவாரே." பெரிய வாக்குவாதம். திருடிய நேரம் ஆயுளோடு சேருமா, ஆயுளிலிருந்து கழியுமா? பாதிப் பேர் சேரும் என்றார்கள், அப்படியானால் அவன் சாகவே மாட்டான். பாதிப் பேர் கழியும் என்றார்கள். நான் சிர்கோனை ஞாபகப்படுத்தினேன், உள்ளே இழுத்துக்கொண்டதே அதை உடைக்கும். கழியும் என்றே முடிவானது. மந்திரக் கதைகளில் நேரத்தைத் திருடுகிறவன் இளமையாவதுதான் வழக்கம். எங்கள் ஆள் ஒரே வருசத்தில் இரண்டு வருசம் மூத்தான். எனக்கு இதுதான் நியாயமாகப் படுகிறது, கணக்கும் இப்படி வைத்தால்தான் இடிக்காது.

இரண்டாம் மேடை

உறைந்து நிற்கிற காட்சி ஒன்றுகூட இல்லை. நேரத்தைக் காட்டும் வேலை தப்பு மேளத்துக்குப் போனது. காமன் கூத்துக்கு அடிக்கிற பெரியவர் ஒருவர் மேடையோரம் உட்கார்ந்து ஆரம்பம் முதல் ஒரே நடையில் அடித்துக்கொண்டிருந்தார். தராசில் கல் ஏறும்போதெல்லாம் எட்டு அடியில் ஓர் அடியை விழுங்கிவிடுவார். வேறு எந்த மாற்றமும் கிடையாது. மூன்றாவது தடவையே கூட்டத்துக்குப் பிடிபட்டுவிட்டது. அடி விழாத இடத்தில் ஒரு சின்னப் பிள்ளை தாயின் மடியில் தட்டி இட்டு நிரப்பியதை நான் பார்த்தேன்.

கணக்கப்பிள்ளையாக நடித்தது தரம் 10 பிள்ளை, கரியில் மீசை. ஒவ்வொரு காட்சி முடிவிலும் திரைக்குப் பின்னால் அவள் தலையில் முகப்பவுடரைக் கொட்டினோம். நான்காம் காட்சியில் அவள் தும்மிவிட்டாள், வெள்ளைப் புகையாகக் கிளம்பியது. சனம் விழுந்து விழுந்து சிரித்தது. அதை வெட்ட வேண்டுமா என்று பிறகு யோசித்தோம், வெட்டவில்லை.

கல்லுக்குத்தான் கடைசிவரை சிக்கல். கறுப்பாக, சின்னதாக, கனமாக வேண்டும். தார் பூசிய கூழாங்கல் கையில் வைத்தால் பொய் என்று தெரிந்தது, தூக்குகிறவளின் தோள் இறங்க வேண்டும். நாடகத்துக்கு முந்தின நாள் டவுனில் ஒரு பழைய சாமான் கடையில் தராசில் வைக்கிற இரும்புப் படிக்கல் ஒன்று கிடைத்தது. கடைக்காரர் விற்க மாட்டேன், வேண்டுமானால் கொண்டுபோய்விட்டுத் திருப்பித் தாருங்கள் என்றார். இருந்ததே அந்த ஒன்றுதான். நாழிக்கல் இப்படித்தான் படிக்கல் ஆனது. நான் ஏதோ யோசித்துச் செய்ததாகப் பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை.

மடுவக் காட்சியில் நான் எதிர்பார்க்காதது நடந்தது. மேடையில் கணக்கப்பிள்ளை, "பதினெட்டு... ரெண்டு கழிவு... பதினாறு" என்று கூவியதும், கூட்டத்திலிருந்து ஒரு பெண் தன் கிலோவைக் கத்தினார். அடுத்தவர் தன்னுடையதை. பிறகு பத்துப் பதினைந்து பேர். மேடையில் இருந்த பிள்ளைகள் பயந்துபோய் என்னைப் பார்த்தார்கள். தப்புக்காரப் பெரியவர் பார்க்கவே இல்லை. கத்துகிற ஒவ்வொரு கிலோவுக்கும் ஓர் அடியை விழுங்கினார். மேசையோரம் உட்கார்ந்திருந்த தோட்ட நிர்வாகத்து ஆட்கள் இரண்டு பேர் எழுந்து போனார்கள். இதனால் பின்னால் எனக்குக் கொஞ்சம் தொல்லை வந்தது, அது இந்த ஆய்வுக்கு வெளியே உள்ள விஷயம்.

கடைசிக் காட்சியில் நரைத்துக் கூனிப்போன கணக்கப்பிள்ளையால் கல்லைத் தூக்க முடியாது. அது தராசிலேயே இருக்கும், அவன் போய்விடுவான். அதோடு முடிவு. கல்லை யாரும் ஆற்றில் எறியவில்லை.

திரை போட்ட பிறகு சாமான்களைக் கட்டிக்கொண்டிருந்தோம். அப்பாயி சேலையைச் சொருகிக்கொண்டு மேடையில் ஏறினார். தராசிலிருந்து படிக்கல்லை எடுத்து, ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றி மாற்றிப் பார்த்தார்.

"இது எத்தன கிலோ?"

பேத்தி அடியில் பொறித்திருந்ததைத் திருப்பிப் பார்த்து, "ரெண்டு, அப்பாயி" என்றாள்.

"சரியாத்தான் இருக்கு" என்று சொல்லி, திருப்பி வைத்துவிட்டு இறங்கினார்.